ஓடம்போக்கியிலிருந்து அலையாத்திக்கு

திருவாரூரில் எங்கள் வீட்டிலிருந்து கொஞ்ச தூரம் நடந்தால் ஓடம்போக்கி ஆறு வந்துவிடும். பெயரிலேயே ஓடம் இருக்கிறது. ஆனால் நான் பிறந்து வளர்ந்த இத்தனை வருடத்தில் அதில் ஓர் ஓடம் போய்ப் பார்த்ததில்லை. சின்ன வயதில் நான் ஏறிய ஒரே படகு கமலாலயத்தில் ஓடுவதுதான். குளத்து நடுவில் இருக்கும் நாகநாதர் கோயிலுக்கு அப்பா கூட்டிப்போவார். பாதித் தூரத்தில் திரும்பிப் பார்த்தால், தினமும் பார்க்கிற மேலக்கோபுரமும் கரையோர வீடுகளும் யாரோ இடம் மாற்றி வைத்ததுபோல இருக்கும். தண்ணீரிலிருந்து பார்த்தால் ஊர் வேறு மாதிரி இருக்கும் என்பது அன்றைக்கே மனதில் விழுந்துவிட்டது.

மூன்று வருடத்துக்கு முன்னால் அந்த ஆசை திரும்ப வந்தது. சித்தப்பா குளத்தைக் குத்தகைக்கு எடுத்து மீன் வளர்க்கிறவர். தீவனம் போடுவதற்காக ஒரு சின்ன ஃபைபர் படகு வைத்திருக்கிறார். மூன்று பேர் உட்காரலாம், இரண்டு பேர் சேர்ந்தால் தூக்கிவிடலாம். “இதை ஓடம்போக்கியில் விட்டுப் பார்ப்போமா சித்தப்பா?” என்று கேட்டேன். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, “தண்ணி வரட்டும், பாப்போம்” என்றார்.

தண்ணீர் வரட்டும் என்பது எங்கள் பக்கத்தில் எல்லாவற்றுக்கும் முதல் வார்த்தை. மேட்டூர் அணையை வழக்கமாகத் திறக்கும் நாள் ஜூன் 12, மூடும் நாள் ஜனவரி 28. நீர் இருப்பைப் பொறுத்து அது தள்ளிப்போகும். அதற்கு வெளியே உள்ள மாதங்களில் டெல்டா ஆறுகளில் பெரும்பாலும் மணலும் குட்டையும்தான் இருக்கும். அதனால் படகு ஆசை உள்ளவர்கள் காலண்டரில் முதலில் பார்க்கவேண்டியது லீவு நாளை அல்ல, இந்த இரண்டு தேதிகளை.

ஆவணியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை படகைக் குட்டியானை வண்டியில் ஏற்றி, ஊருக்கு மேற்கே ஒரு படித்துறையில் இறக்கினோம். சித்தப்பா, என் தம்பி, நான். கையில் ஒரு மூங்கில் கழி, ஒரு துடுப்பு. முதல் அரைமணி நேரம் நான் நினைத்ததைவிட அழகாக இருந்தது. தெருவிலிருந்து பார்த்தால் வீடுகளின் வாசல்தான் தெரியும், ஆற்றிலிருந்து கொல்லை தெரிந்தது. கறிவேப்பிலை மரம், கவிழ்த்து வைத்த அண்டா, கயிற்றில் காயும் போர்வை, படியில் உட்கார்ந்து தலை கோதுகிற பாட்டி. துணி துவைத்துக்கொண்டிருந்த ஒரு அம்மா நிமிர்ந்து, “எங்க போறீங்க இதுல?” என்றார். “சும்மா, ஊரைச் சுத்தி” என்றேன். “பாலத்துக்கு அந்தாண்ட போவாதீங்க” என்றார். ஏன் என்று நான் கேட்கவில்லை. அன்றைக்கு நான் செய்த முதல் தவறு அது.

பாலத்துக்கு அந்தப் பக்கம் கரைக்குக் கரை வெங்காயத்தாமரை. தள்ளித் தள்ளி உள்ளே போனோம். கழியை ஊன்றினால் தண்டுகளில் சிக்கிக்கொண்டது, எடுத்தால் படகு நகரவில்லை. இரண்டு பக்கமும் நெய்வேலி காட்டாமணக்கு புதராக மண்டியிருந்ததால் கரையில் ஒதுங்கவும் முடியவில்லை. போதாததற்கு ஊர்ச் சாக்கடை கலக்கிற இடம் அது. நாற்றம் மூக்கைப் பிடுங்கியது. இவ்வளவும் நடந்துகொண்டிருக்கும்போதே தண்ணீர் மெல்ல இறங்க ஆரம்பித்தது. எங்களுக்குப் புரியவில்லை. ஒரு மணி நேரத்தில் படகு சேற்றில் உட்கார்ந்துவிட்டது. தம்பி இறங்கித் தள்ளப் போய்க் காலில் கண்ணாடித் துண்டு கிழித்தது.

கரையோடு டிவிஎஸ் ஃபிப்டியில் வந்த ஒருவர்தான் கயிறு போட்டு இழுக்க உதவினார். அவர் லஸ்கர், மதகுகளைத் திறந்து மூடுகிற பணியாளர். “மேல முறை மாறிடுச்சும்மா. காலைலதான் ஷட்டரை இறக்கினோம். ஒரு வார்த்தை கேட்டிருந்தா சொல்லியிருப்பேனே” என்றார். முறை என்றால் ஆற்றுக்கு ஆறு மாற்றி மாற்றித் தண்ணீர் விடுவது. அவர் குரலில் கோபம் இல்லை. ஆனால் அந்த ஒரு வார்த்தை எனக்குள் ரொம்ப நாள் தங்கிவிட்டது.

இரண்டு நாள் கழித்துத் தம்பிக்குக் காய்ச்சல். டாக்டர் காலைப் பார்த்ததும், தேங்கிய தண்ணீரில் இறங்கினாயா என்றுதான் முதலில் கேட்டார். எலிக்காய்ச்சலாக இருக்கலாம் என்று உடனே மாத்திரை கொடுத்தார். நல்லவேளை, ஒரு வாரத்தில் சரியாகிவிட்டது. எலிச் சிறுநீர் கலந்த தண்ணீர் புண் வழியாக உள்ளே போனால் வருகிற நோய் அது. கவனிக்காமல் விட்டால் கல்லீரலையும் சிறுநீரகத்தையும் கெடுக்கும். அதிலிருந்து எங்கள் வீட்டில் ஒரு சட்டம்: காலில் சின்னக் கீறல் இருந்தாலும் ஊர்த் தண்ணீரில் இறங்கக் கூடாது, படகில் ஏறும்போது கெட்டியான கேன்வாஸ் ஷூ போடவேண்டும். இறங்கிவிட்டு வந்து காய்ச்சல் அடித்தால், தண்ணீரில் நின்றதை டாக்டரிடம் நாமே சொல்லிவிட வேண்டும். அவர் கேட்கட்டும் என்று காத்திருக்கக் கூடாது.

அடுத்த ஆறு மாதம் நான் படகைத் தொடவில்லை. சைக்கிளை எடுத்துக்கொண்டு கரைகளில் சுற்றினேன். இதை முதலிலேயே செய்திருக்க வேண்டும். எந்த ஆற்றில் படகு விடுவதாக இருந்தாலும் ஒருமுறை முழுக்கக் கரையோடு போய்ப் பார்த்துவிடுங்கள். பாலத்தின் உயரம், புதர், ஏறி இறங்கப் படித்துறை, சாக்கடை கலக்கும் இடம் எல்லாம் கரையிலிருந்தே தெரியும். இதைவிட முக்கியமாக, ஆற்றோடு இருக்கிற மனிதர்கள் பழக்கமாகிவிடுவார்கள். நமக்குப் படகு கடைசியில்தான். முதலில் கரை.

அப்படிச் சுற்றும்போதுதான் டெல்டாவின் அமைப்பு எனக்கு உடம்பால் புரிந்தது. கல்லணையில் தண்ணீர் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம் என்று பிரிகிறது என்று பள்ளியில் படித்ததுதான். ஆனால் நீடாமங்கலம் பக்கத்தில் மூணாறு தலைப்பில் (ஆறு பிரிகிற இடத்தைத் தலைப்பு என்போம்) நின்று, ஒரே வெண்ணாறு கண்ணெதிரே கோரையாறு, பாமணியாறு, வெண்ணாறு என்று மூன்றாகப் பிரிவதைப் பார்த்தபோது, இந்த நாடு எவ்வளவு கவனமாகத் தண்ணீரைப் பங்கு போட்டிருக்கிறது என்று தோன்றியது. அங்கிருந்து கீழே ஒவ்வொரு ஆறும் வாய்க்காலாக, வாய்க்கால் சின்னச் சின்னக் கன்னி வாய்க்காலாக, வயலுக்குள் ஓடிக் கரைந்துவிடுகிறது. ஒவ்வொரு பிரிவிலும் ஒரு தலைப்பு, கதவுகள், அதைப் பார்த்துக்கொள்ள ஒரு லஸ்கர். கடலுக்குப் பக்கத்தில் உப்புநீர் மேலேறாமல் தடுக்கக் கடைசி ரெகுலேட்டர், அதாவது கதவு வைத்த தடுப்பணை.

இதில் படகுக்காரர் தெரிந்துகொள்ளவேண்டியது ஒன்று உண்டு. இந்த ஆறுகள் பயணத்துக்காக இல்லை, பயிருக்காக. கல்லணையில் ஏறிக் கடலில் இறங்கலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். வழியில் எத்தனையோ ரெகுலேட்டர்கள். ஒவ்வொன்றுக்கும் இடையில் உள்ள துண்டில்தான் படகு. ரெகுலேட்டருக்கு மேலும் கீழும் படகைக் கொண்டுபோகவே கூடாது. மேலே நின்றால் கதவை நோக்கி இழுக்கும். கீழே, விழுகிற தண்ணீர் உருண்டு திரும்பிக்கொண்டே இருக்கும். மேற்பரப்பு சாதாரணமாகத் தெரியும், உள்ளே மாட்டினால் நீச்சல் தெரிந்தவருக்கும் வெளியே வரக் கஷ்டம். தஞ்சாவூர் நகருக்குள் போகும் கல்லணைக் கால்வாயையும் (அங்கே எல்லோருக்கும் அது புது ஆறுதான்) பார்த்து ஆசைப்பட வேண்டாம். வேகம் அதிகம், கான்கிரீட் போட்ட சரிவான கரையில் பிடித்து ஏற ஒன்றும் இருக்காது. கொள்ளிடத்தில் ஆபத்து வேறு மாதிரி. மணல் அள்ளிய குழிகள் தண்ணீருக்கு அடியில் தெரியாது. முழங்கால் ஆழத்தில் நடந்துகொண்டிருப்பவர் அடுத்த அடியில் ஆளுயரத்துக்குக் கீழே போய்விடுவார். ஒவ்வொரு கோடையிலும் பேப்பரில் அப்படி ஒரு செய்தி வராமல் இருப்பதில்லை. படிக்கும்போதெல்லாம் வயிறு கலங்கும்.

ஒரு காலத்தில் இந்தத் தண்ணீரிலும் போக்குவரத்து இருந்தது. திருச்சியில் பாலத்துக்குப் பக்கத்தில் ஓடத்துறை என்ற பெயர் இன்னும் இருக்கிறது. வேதாரண்யத்து உப்பை நாகப்பட்டினத்துக்குப் படகில் கொண்டுபோக 19-ஆம் நூற்றாண்டில் வெட்டிய வேதாரண்யம் கால்வாய் இருக்கிறது. சாலையும் ரயிலும் வந்தபிறகு ஓடம் பெயரில் மட்டும் நின்றுவிட்டது. எங்கள் ஓடம்போக்கிபோல.

சரி, நிஜமாகவே படகில் போகவேண்டுமானால் எங்கே போவது? இதை எனக்குச் சொன்னது அந்த லஸ்கர்தான். “கோரையாறு முடியிற இடத்துக்குப் போங்கம்மா. அங்க தண்ணிய யாரும் மூட மாட்டாங்க. கடலே தொறந்து மூடுது.”

கோரையாறும் பாமணியாறும் இன்னும் சில ஆறுகளும் போய்ச் சேரும் இடம் முத்துப்பேட்டை. ஆறுகள் நேராகக் கடலில் விழாமல் முதலில் ஒரு பெரிய காயலில் கலக்கின்றன. அங்கே எல்லோரும் அதை லகூன் என்றே சொல்கிறார்கள். சுற்றிலும் அலையாத்திக் காடு. கோடியக்கரையையும் சேர்த்து இந்தப் பகுதி 2002-இல் ராம்சார் ஈரநிலமாக, அதாவது உலக அளவில் முக்கியமான ஈரநிலமாக, அறிவிக்கப்பட்டது. வனத்துறை அனுமதி இல்லாமல் உள்ளே போகக் கூடாது. முதல்நாளே போய் அனுமதி வாங்கினோம். ஜாம்புவானோடையில்தான் படகுத்துறை. தர்காவுக்கு வருகிறவர்களால் எப்போதும் ஆள் நடமாட்டம் உள்ள ஊர். தை மாதம், விடிவதற்கு முன்னால் திருத்துறைப்பூண்டி வழியாகப் போய்ச் சேர்ந்தோம்.

படகுக்காரர் ஐம்பது வயது இருக்கும். நான் அண்ணே என்று கூப்பிட்டேன், அவர் என்னைத் தங்கச்சி என்றார். ஏறும் முன் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “எத்தனை மணிக்குத் திரும்பணும்?” “அவசரம் இல்லண்ணே.” “உங்களுக்கு இல்ல. தண்ணிக்கு இருக்கு” என்றார்.

முதலில் இரண்டு பக்கமும் தென்னந்தோப்பு. 2018 நவம்பர் 16 விடியற்காலையில் கஜா புயல் வேதாரண்யம் பக்கம் கரையேறியபோது இந்தத் தோப்புகள் அடியோடு சாய்ந்தன. மொட்டையாக நின்ற மரங்களுக்கு நடுவே புதிதாக வைத்த கன்றுகள் இப்போது காய்ப்புக்கு வந்துகொண்டிருந்தன. போகப்போகக் கரை தாழ்ந்தது. தென்னை நின்றுபோய் உமரிச் செடி வந்தது, தரையோடு தாழ்வாகச் சிவப்பும் பச்சையுமாக. அப்புறம் அலையாத்தி மரங்கள். அவற்றின் அடியில் சேற்றிலிருந்து ஆயிரக்கணக்கில் பென்சில் நட்டதுபோல மூச்சுவேர்கள். சேற்றுக்குள் காற்று கிடையாது, அதனால் வேர் மேலே வந்து மூச்சு விடுகிறது. அண்ணன் ஒரு இலையைப் பறித்து நாக்கில் வைத்துப் பார்க்கச் சொன்னார். உப்பு. வேர் உறிஞ்சிய உப்பை மரம் இலை வழியாக வெளியே தள்ளுகிறது. “அலையை ஆத்துது, அதான் அலையாத்தி. சூடான பாலை ஆத்துற மாதிரி” என்றார். 2004 சுனாமியில் இந்தக் காட்டுக்குப் பின்னால் இருந்த ஊர்கள் பிழைத்ததை ஊர்க்காரர்கள் யாரும் மறக்கவில்லை.

தம்பி பக்கத்தில் இருந்த இன்னொரு கிளையை ஒடிக்கப் போனான். அண்ணன் சட்டென்று கையைப் பிடித்துக்கொண்டார். அது தில்லை. அதன் பால் கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து, தோலில் பட்டால் கொப்பளிக்கும். சிதம்பரத்துக்குத் தில்லை என்று பெயர் வந்தது இந்த மரத்தால்தான். கோயிலில் கேட்டுப் பழகிய பெயர் கைக்கெட்டும் தூரத்தில் நின்றபோது சிலிர்த்தது. ஆனால் தெரியாத காட்டில் படகிலிருந்து கை நீட்டி எதையும் பிடிக்கக் கூடாது என்பதையும் அங்கேதான் படித்தேன்.

லகூன் திறந்தபோது யாரும் பேசவில்லை. அவ்வளவு பெரிய தண்ணீர், பல இடங்களில் இடுப்பளவுகூட ஆழம் இல்லை. அண்ணன் எஞ்சினை நிறுத்தித் தூக்கிவிட்டுக் கழியை எடுத்தார். தூரத்தில் வெளிர் ரோஜா நிறத்தில் ஒரு கோடு. பூநாரைகள். கிட்டே போகாமல், காற்று எங்களை அவற்றின் பக்கம் தள்ளாத இடமாகப் பார்த்து நிறுத்தினார். எஞ்சின் சத்தம் கேட்டால் எல்லாம் எழுந்துவிடும், ஒவ்வொரு முறை எழும்போதும் அதுகளுக்கு இரை நேரம் போகிறது என்றார். பறவை பார்க்கப் போகிறவர்கள் படகுக்காரரிடம் முதலிலேயே சொல்லிவிடவேண்டியது இது: கிட்டே போகவேண்டாம், எஞ்சினை அணையுங்கள். நிறையப் பேர் நேர்மாறாகக் கேட்பதால் அவர்களும் பாவம், கேட்டபடி ஓட்டிவிடுகிறார்கள்.

“வத்தம் ஆரம்பிச்சிருச்சு தங்கச்சி, கிளம்பலாம்” என்றார் அண்ணன். கடல்நீர் இறங்குவது வற்றம், ஏறுவது ஏற்றம். பத்து நிமிடம் என்றேன். அது அரைமணி ஆனது. திரும்பும் வழியில் ஒரு திருப்பத்தில் அடித்தட்டு சர்ரென்று உராய்ந்து படகு நின்றுவிட்டது. அவர் தள்ளிப் பார்த்தார், ஒன்றும் ஆகவில்லை. என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதுவே எனக்கு அதிகமாக வலித்தது. அந்த அரைமணி நேரம் என்னுடைய ஆசைக்காக அவருடைய அன்றைய பிழைப்பிலிருந்து போனது.

நான்கு மணி நேரம் அங்கேயே இருந்தோம். தண்ணீரே திரும்பி வந்து தூக்கினால்தான் உண்டு. சேற்றில் இறங்கி நடந்து போய்விடலாமே என்று தம்பி கேட்டதற்கு அண்ணன் கழியை ஊன்றிக் காட்டினார். கைப்பிடி மிஞ்சும்வரை இறங்கியது. அப்படிப்பட்ட சேற்றில் மாட்டிக்கொண்டால் நிமிர்ந்து நின்று காலை உதறக் கூடாது, உடம்பைச் சாய்த்துப் படுத்து, பலகையோ துடுப்போ எதையாவது அடியில் கொடுத்து மெல்ல மெல்ல ஊர்ந்து வரவேண்டும் என்று சொல்லிக்கொடுத்தார். எங்களிடம் ஐந்து லிட்டர் தண்ணீர் இருந்தது, தொப்பி இருந்தது, போனும் மாத்திரையும் மூடிபோட்ட பிளாஸ்டிக் டப்பாவில் நனையாமல் இருந்தன. இல்லாதது நிழல். அடுத்த தடவையிலிருந்து ஒரு வெள்ளைப் பருத்தி வேட்டி கொண்டுபோகிறேன். இரண்டு துடுப்பை நட்டுக் கட்டினால் பந்தல்.

பெண்கள் கவனிக்கவேண்டிய இன்னொன்று. இரண்டு மணி நேரம் என்று ஏறுகிற பயணம் ஆறு மணி நேரம் ஆகலாம். காட்டுக்குள் ஒதுங்க இடமே இல்லை, எங்கும் சேறு. ஏறுமுன் போய்விட்டு வாருங்கள். அதற்குப் பயந்து தண்ணீர் குடிக்காமல் மட்டும் இருக்காதீர்கள். வெயிலில் தலைசுற்றி விழுவது அதைவிட மோசம். புடவை வேண்டாம், முழுக்கை வைத்த சுடிதாரில் துப்பட்டாவை இடுப்பில் இறுக்கிக் கட்டிக்கொள்வது நல்லது. லைஃப் ஜாக்கெட்டைச் சீட்டில் விரித்து உட்காராமல் போட்டுக்கொள்ளுங்கள், ஆழமே இல்லை என்று தோன்றும் இடத்திலும்.

அந்த நான்கு மணி நேரம்தான் எனக்குக் கிடைத்த நிஜமான பயணம். நாங்கள் நின்ற இடத்துக்கு எதிரே காட்டுக்குள் ஒரு ஒடுக்கமான வாய்க்கால் போனது. அது தானாக உண்டானது என்றே நினைத்தேன். இல்லை, ஊர்க்காரர்கள் கையால் வெட்டியது. ஏற்றத்தில் மடவையும் கொடுவாயும் இறாலும் அதன் வழியாகக் காட்டுக்குள் போய் மேயும். வற்றத்தில் திரும்பும்போது வாய்க்கால் வாயில் வலை கட்டிப் பிடிப்பார்கள். வருடாவருடம் சேறு எடுத்துச் சுத்தம் செய்யவேண்டும். திருவாரூர்ப் பக்கம் வயலுக்கு வெட்டிய வாய்க்காலையே பார்த்து வளர்ந்த எனக்கு, மீனுக்காக வெட்டிய வாய்க்காலைப் பார்த்தது அதுதான் முதல் தடவை. அங்கே தண்ணீருக்கு முறை வைப்பது லஸ்கர், இங்கே நிலா. அமாவாசையிலும் பௌர்ணமியிலும் ஏற்றமும் வற்றமும் அதிகம். அட்டமி, நவமி பக்கம் தண்ணீர் அவ்வளவாக அசையாது. ஏற்ற நேரம் தினமும் ஏறத்தாழ ஐம்பது நிமிடம் பின்னால் தள்ளிப்போகும். இதெல்லாம் அவருக்கு விரல்நுனியில் இருந்தது.

இன்னொரு வகை வாய்க்காலும் இருக்கிறது என்றார். வெள்ளைக்காரன் காலத்தில் தொடங்கிப் பல வருடம் இந்தக் காட்டை விறகுக்காகப் பட்டை பட்டையாக மொத்தமாக வெட்டினார்கள். வெட்டிய இடத்தில் வெயில் பட்டு மண் காய்ந்து அமுங்கிப் பள்ளமானது. பள்ளத்தில் புகுந்த கடல்நீர் வெளியேற வழியில்லாமல் காய்ந்து காய்ந்து உப்பு ஏறியது. அப்புறம் அங்கே ஒரு செடியும் முளைக்கவில்லை. 1990-களில் எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் ஊர்மக்களோடு சேர்ந்து மீன்முள் வடிவத்தில் வாய்க்கால் வெட்டின: நடுவில் தண்டுபோலப் பெரிய வாய்க்கால், இரண்டு பக்கமும் சாய்வாகக் கிளைகள். ஏற்றத்தோடு தண்ணீர் உள்ளே வந்து வற்றத்தோடு வெளியே போனதும் உப்பு குறைந்தது, கரைகளில் கன்று நட்டார்கள், காடு திரும்பியது. திரும்பும் வழியில் அப்படி ஒரு வாய்க்காலைக் காட்டினார். நேர்கோட்டில் வரிசையாக நின்ற மரங்களைப் பார்த்துவிட்டு நான் ரொம்ப நேரம் ஒன்றும் பேசவில்லை. மரத்தை நடுவதற்கு முன்னால் தண்ணீருக்கு வழி விட்டிருக்கிறார்கள். எங்கள் ஓடம்போக்கிக்கும் அதைத்தானே யாராவது செய்யவேண்டும் என்று தோன்றியது.

மதியம் வலைக்காரர் இரண்டு பேர் எங்கள் நிலையைப் பார்த்துவிட்டு ஒரு தூக்கில் சோறும் மடவைக் குழம்பும் கொடுத்துவிட்டுப் போனார்கள். காசு நீட்டியதை வாங்கவில்லை. திரும்பிய பிறகு அவர்கள் ஏலத்தில் போடவிருந்த மீனில் இரண்டு கிலோவை அன்றைய விலைக்கே வாங்கிக்கொண்டோம். தண்ணீரோர ஊர்களுக்குப் போனால் பேரம் பேசாமல் இதைச் செய்யலாம். டிப்ஸ் கொடுப்பதைவிட இது மரியாதையாக இருக்கிறது. படகுக்காரருக்கும் பேசிய வாடகை போதாது, போன மணி நேரத்துக்குச் சேர்த்துக் கொடுத்தோம். முதலில் மறுத்தார், சித்தப்பா சட்டைப்பையில் வைத்துவிட்டார்.

பிச்சாவரத்துக்கும் அதற்கப்புறம் போனோம். அங்கே சுரபுன்னை மரங்களின் வளைந்த தாங்குவேர்கள் இரண்டு பக்கமும் கூரைபோலக் கவிந்திருக்க, துடுப்புப் படகில் குகைக்குள் போவதுபோல இருக்கும். எல்லோரும் போகிற இடம் என்பதால் அதிகம் எழுதவில்லை. ஒன்றே ஒன்று. இருளர் பெண்கள் கழுத்தளவுத் தண்ணீரில் உட்கார்ந்தபடி, ஓலையில் முடைந்த பறியைப் பல்லில் கவ்விக்கொண்டு, இரண்டு கையாலும் சேற்றைத் தடவி இறால் பிடிப்பார்கள். மணிக்கணக்கில் அப்படியே. எங்களுக்கு முன்னால் போன படகில் இருந்தவர்கள் அவர்களைச் சுற்றி நின்று போட்டோ எடுத்தார்கள். ஒரு அக்கா முகத்தைத் திருப்பிக்கொண்டார். வாயில் பறி இருப்பதால் வேண்டாம் என்று சொல்லக்கூட முடியாதவரை அப்படிப் படம் எடுக்கக் கூடாது. நாங்கள் போனை உள்ளே வைத்துவிட்டுப் படகை ஓரமாக ஒதுக்கச் சொன்னோம். அலை அவர்மேல் படாமல் இருக்க வேகத்தைக் குறைப்பதும் முக்கியம்.

போன ஐப்பசியில் மறுபடி ஓடம்போக்கிக்குப் போனோம். இந்தத் தடவை முதலில் அந்த லஸ்கருக்குப் போன் செய்தேன். அவர் தன் அதிகாரியிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு, ஊருக்கு வெளியே கிழக்கே, சாக்கடை கலக்காத, புதர் வெட்டிய ஒரு துண்டைச் சொன்னார். இரண்டு ரெகுலேட்டருக்கு நடுவில். எந்த நாள் ஷட்டர் அசையாது என்பதையும் சொன்னார். அடுத்த மூன்று நாள் மழை இல்லை என்று வானிலை அறிக்கையும் பார்த்துக்கொண்டோம். ஐப்பசி, கார்த்திகையில் இந்த ஆறுகளே வடிகாலாக மாறிவிடும், ஒரே ராத்திரியில் கரை தொட ஓடும்.

சின்னத் துண்டுதான். காலையில் போய், திரும்பி, மறுபடி போனோம். ஒரு படித்துறையில் வயதான பாட்டி ஒருவர் கையைத் தட்டிக் கூப்பிட்டார். ஏற்றிக்கொள்ளச் சொன்னார். லைஃப் ஜாக்கெட்டை மாட்டிவிட்டு நடுவில் உட்காரவைத்தோம். “எங்கப்பா வாழைமரத்தை வெட்டித் தெப்பம் கட்டி நாத்துக்கட்டைக் கொண்டுபோவாரு. நான் மேல உக்காந்துப்பேன்” என்றார். எதிர்க்கரையில் அவர் மகளின் வயல். தண்ணீர் இருக்கும்போது பாலம் சுற்றித்தான் போகவேண்டும், பாட்டிக்கு முழங்கால் வலி, அதனால் போய் இரண்டு வருடம் ஆகிவிட்டதாம். அந்தப் பக்கம் இறக்கிவிட்டோம். வரப்பில் உட்கார்ந்து சம்பாப் பயிரைக் கொஞ்ச நேரம் தடவிக்கொண்டிருந்தார். நாங்கள் காத்திருந்து கூட்டிவந்தோம்.

சித்தப்பா இப்போது படகில் ஏற ஒரு சின்னப் படி பொருத்தியிருக்கிறார், வயதானவர்களுக்காக. நேற்று சாயங்காலம் முத்துப்பேட்டை அண்ணனிடமிருந்து போன் வந்தது. “பௌர்ணமி வருது தங்கச்சி. காலைல ஆறரைக்கு நல்ல ஏத்தம். பூநாரை இறங்கியிருக்கு. வர்றதா இருந்தா ராத்திரியே கிளம்பிடுங்க.”

நான் தம்பியின் ஷூவைக் காயவைத்திருக்கிறேன்.